மானியக் கடல்

நகர மன்றத்தில் கலை மானியத்தை நிறுத்துவதற்காகக் கைகள் உயர்ந்த அதே மாலையில், பொது அரங்கின் மேடையில் துணியில் வரைந்திருந்த கடலுக்குள் இறங்கிப்போன நடிகர் வெளியே வரவில்லை. அன்று வெயில் சுமார். முட்டை விலை கொஞ்சம் ஏறியிருந்தது. பேருந்துகள் வழக்கம்போலத் தாமதம். இவற்றைத் தவிர அந்த நாளில் குறிப்பிட்டுச் சொல்லும்படி ஒன்றுமில்லை என்றுதான் அரங்கின் வாயிற்காவலர் பின்னால் விசாரணையில் சொன்னார்.

அந்தக் கடல் ஒரே துணி அல்ல. மூன்று அலைகளாக வெட்டி, ஒன்றின் பின்னால் ஒன்றாக, ஆள் நுழைகிற இடைவெளி விட்டுத் தொங்கவிட்டிருந்தார்கள். நாடகமும் பழையதுதான். கலங்கரை விளக்கைக் காக்கும் ஒருவர், கப்பலில் வரவேண்டிய மகனுக்காக விளக்கேற்றி விளக்கேற்றி அலுத்துப்போய், கடைசிக் காட்சியில் தானே தேடப் போகிறேன் என்று கடலில் இறங்குவார். கரையிலிருந்து மனைவி கூப்பிடுவாள். அவர் திரும்பிப் பார்க்க மாட்டார். முதல் அலையில் முழங்கால் மறையும், இரண்டாவதில் இடுப்பு, மூன்றாவதில் தலை. தலை மறைந்ததும் பின்பக்க நடைவழியில், துடைப்பம் வைக்கிற அலமாரியைத் தாண்டி வந்து இரண்டு முறை செருமுவார். அந்தச் செருமல் கேட்ட பிறகுதான் திரையை இறக்க வேண்டும் என்பது அரங்கின் கட்டுப்பாடு. எந்தக் காலத்திலோ யாரோ அவசரப்பட்டு இறக்கி, திரையின் அடிக்கட்டை ஒரு நடிகரின் தோளைப் பதம் பார்த்ததிலிருந்து வந்த வழக்கம் அது.

இந்த வேடத்தையே காலம் முழுக்கப் போட்டதால் ஊரில் அவருக்கு முங்கி என்று பெயர். கடைக்காரர்கூட, "முங்கி வீட்டுக் கணக்கா?" என்றுதான் கேட்பார். திரைக் கயிற்றை ஏற்றி இறக்கியது அவர் மனைவி. ஊர் அவளைத் திரைக்காரி என்றது, குழுவில் எல்லோருக்கும் அவள் அக்கா. உள்ளங்கை காய்த்துப்போய் செருப்புத் தோல் மாதிரி ஆகியிருந்தது. மேடையில் ஒருநாளும் கால் வைத்ததில்லை, பார்வையாளர் பக்கம் உட்கார்ந்ததும் இல்லை. கயிறு இருந்த மூலையிலிருந்து பார்த்தால் கணவரின் இடது பக்கம் மட்டும்தான் தெரியும். உன் வீட்டுக்காரர் நல்ல நடிகரா என்று யாராவது கேட்டால், "இடது பக்கம் நல்லா நடிக்கும்" என்பாள்.

அன்று அவள் கயிற்றைப் பிடித்தபடி நின்றாள். செருமல் வரவில்லை. கூட்டம் பொறுத்துப் பார்த்தது. கூட்டம் என்று சொல்வதெல்லாம் ஒரு மரியாதைக்குத்தான். அந்த நாட்களில் நாற்காலிகள்தான் நாடகம் பார்த்தன. வந்திருந்த சிலரும் பேருந்தைப் பிடிக்க எழுந்து போனார்கள். அவள் கயிற்றை முளையில் கட்டிவிட்டு நடைவழியில் தேடினாள். அலமாரியைத் திறந்தாள், துடைப்பங்கள் இருந்தன. கழிவறைக் கதவைத் தட்டினாள். சிகரெட் பிடிக்கப் போயிருப்பாரோ என்று பின்வாசலை எட்டிப் பார்த்தாள். கடைசியில் என்ன தோன்றியதோ, இறங்கி முன்பக்கம் வந்து, வாழ்க்கையில் முதல்முறையாக மேடையை நேர் எதிரே நின்று பார்த்தாள். மூன்றாம் அலைக்கு அப்பால் தண்ணீர் அசைந்துகொண்டிருந்தது. அதில் கட்டைவிரல் உயரத்துக்கு ஒரு வெள்ளைச் சட்டை, மார்பளவு நீரில்.

தீயணைப்புக்காரர்கள் வந்தார்கள். ஒருவர் அலைகளுக்கிடையே கையை விட்டார். கை மறுபக்கம் நடைவழியில் வந்தது, ஈரமில்லாமல். ஏணியைச் செருகிப் பார்த்தார்கள், அதுவும் துடைப்ப அலமாரியில் போய் இடித்தது. சுருக்குப் போட்டு வீசிய கயிறும் அப்படியே. போனவருக்கு மட்டும் அது கடல், மற்றவர்களுக்குத் துணி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு அவர்கள் வண்டியேறினார்கள். செய்ய வேண்டியதைச் செய்துவிட்ட நிம்மதி அவர்கள் முகத்தில் இருந்தது.

மானியத்தை நிறுத்தும் தீர்மானத்தைக் கொண்டுவந்தவர் மன்றத்தின் நிதிக்குழுத் தலைவர். அவர் வேறு யாருமில்லை, திரைக்காரியின் கூடப்பிறந்த அண்ணன். கெட்ட மனிதர் அல்ல. பொது மருத்துவமனையில் லிஃப்ட் பழுதாகி வருஷக்கணக்காகிவிட்டது. அவர்களுடைய அம்மாவை மூச்சுத்திணறலோடு கொண்டுபோன மாலையில், அண்ணன் அவளை நாற்காலியோடு தூக்கிக்கொண்டு மாடி மாடியாக ஏறினார். பாதியிலேயே அம்மா போய்விட்டாள். படிக்கட்டு வளைவில் நாற்காலியை இறக்கி வைத்துவிட்டு, என்ன செய்வதென்று தெரியாமல் அதன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். அந்த நேரத்தில் தங்கை அரங்கில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு செருமலுக்காகக் காத்திருந்தாள். இதை அவர் ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. சொல்லாமலிருந்ததால் அவளுக்கு அது இன்னும் உறுத்தியது.

மன்றத்தின் முடிவைப் பற்றிப் பொதுக்கூட்டம் நடந்தது. ஊரே வந்திருந்தது, நாடகத்துக்கு வராதவர்கள் எல்லோரும் நாடகத்தைப் பற்றிப் பேச வந்திருந்தார்கள். பேக்கரிக்காரர், "என் அடுப்பு அணைஞ்சா யாராச்சும் மானியம் குடுப்பீங்களா? அப்புறம் அவங்க விளக்குக்கு மட்டும் நான் ஏன் குடுக்கணும்?" என்று கேட்டார். கைதட்டல் விழுந்தது. பள்ளி ஆசிரியை எழுந்து, வகுப்பில் வாயே திறக்காத பிள்ளைகள் அந்த மேடையில் ஏறிய பிறகுதான் பேசினார்கள், அதற்கு என்ன விலை போடுவீர்கள் என்றார். அதற்கும் கைதட்டல் விழுந்தது. ஓய்வுபெற்ற தபால்காரர், "இன்னிக்கு நாடகத்துக்குக் குடுத்தா, நாளைக்கு எங்க மாமனார் குறட்டைக்கும் கேப்பாரு, அவரும் விடாம வாசிக்கிறாருல்ல" என்றதும் கூடம் அதிர்ந்தது. அண்ணன் மட்டும் சிரிக்கவில்லை. "எனக்கும் நாடகம் பிடிக்கும். ஆனா படிக்கட்டுல செத்தவங்களுக்கு எந்தக் காட்சியும் பாக்கக் கிடைக்காது" என்றார். கடைசி பெஞ்சிலிருந்து திரைக்காரி எழுந்து, "எங்க வீட்டுக்காரர் உள்ள இருக்காருங்க" என்றாள். அது நிகழ்ச்சி நிரலில் இல்லை என்று தலைமை வகித்தவர் தன்மையாகச் சொன்னார். உண்மையில் அது இல்லைதான்.

அரங்கு மூடியே கிடந்த நாட்களில் வெள்ளைச் சட்டை சிறுத்துக்கொண்டே போனது. கட்டைவிரல் நகமாயிற்று, நகம் அரிசியாயிற்று. திரைக்காரி தினமும் முன்வரிசையில் உட்கார்ந்து பார்த்தபடியே, வீட்டில் குழாய் ஒழுகுவதையும் மளிகைக்காரர் முறைப்பதையும் அவரிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். நாடகத்தை நடத்திவந்தவரை எல்லோரும் வாத்தியார் என்பார்கள். அவருக்கு மனசு கேட்கவில்லை. சம்பளமில்லாமல் கடைசியாக ஒருமுறை நாடகத்தைப் போட்டுவிட்டுக் கலைந்துபோவோம் என்று குழுவைக் கூட்டினார். முங்கியின் வசனங்களை அவரே ஓரமாக நின்று படித்தார். கடைசிக் காட்சியில், மனைவியாக நடிக்கும் நாயகி கரையில் நின்று கூப்பிட்டபோது, அரிசியளவு சட்டை திரும்பியது. கரையை நோக்கி நாலு எட்டு வைத்தது.

அதன்பிறகு அவர்கள் தினமும் நடித்தார்கள். கடைசிக் காட்சி வரும், நாயகி கூப்பிடுவாள், முங்கி கொஞ்சம் நெருங்குவார். விஷயம் பரவியது. பக்கத்து ஊர்களிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். முன்வரிசைக்குச் சாரல் அடித்ததால் துண்டு எடுத்துவந்தார்கள், விவரமானவர்கள் குடை எடுத்துவந்தார்கள். வாசலில் ஒருவன் தொலைநோக்கி வாடகைக்கு விட்டுப் பிழைத்தான். பேக்கரிக்காரர் இடைவேளையில் பன் விற்றார். மானியத்தைப் பற்றி அவர் பேச்சில் சுருதி இறங்கியிருந்ததைப் பலரும் கவனித்தார்கள். நாற்காலி போதாமல் படிகளில் உட்கார்ந்தார்கள். முங்கி மூன்றாம் அலையின் ஓரம்வரை வந்துவிட்டார். மூக்கு தெரிந்தது, கண் தெரிந்தது. இன்னும் ஒரு வாரம், கூடிப்போனால் பத்து நாள், மனுஷன் வெளியே வந்துவிடுவார் என்று திரைக்காரி அவருடைய உலர்ந்த சட்டைகளைத் துவைத்து மடித்து வைத்தாள்.

அந்த வாரம்தான் நிதிக்குழு அரங்கைப் பார்வையிட வந்தது. அண்ணன் முன்வரிசையில் உட்கார்ந்து முகத்தில் விழுந்த சாரலைத் துடைத்தபடி நிறைந்த கூடத்தைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார். மறுநாளே ஒரு யோசனை சொன்னார். மானியம் திரும்பவும் கிடைக்கும். கலைக்கு அல்ல, சுற்றுலாவுக்கு. டிக்கெட் வருமானத்தில் ஒரு பங்கு மருத்துவமனை லிஃப்ட்டுக்குப் போகும். தற்போதைய நிலை மாறாதிருக்கும்வரை இந்த ஏற்பாடு செல்லும். தற்போதைய நிலை என்றால் என்ன என்று வாத்தியார் கேட்டார். "மாப்பிள்ளை இருக்கற இடத்துலயே இருக்கணும். வெளிய வந்துட்டா ஜனங்க எதப் பாக்க வருவாங்க?" என்றார் அண்ணன். ஆகவே கடைசிக் காட்சி மட்டும் வேண்டாம் என்று முடிவாயிற்று. மற்றக் காட்சிகளை நடித்தால் அவர் நெருங்கவும் மாட்டார், விலகவும் மாட்டார்.

வாத்தியார் திரைக்காரியின் வீட்டுக்கு வந்து நிற்கிற இடத்திலேயே நெளிந்தார். "ரெண்டு மாசம்தான் அக்கா. எல்லாருக்கும் கடன் கழுத்து வரைக்கும் இருக்கு. அது தீந்ததும் முங்கி அண்ணன வெளிய கூப்பிட்டுடலாம்" என்றார். நாயகிக்கு இரண்டு பிள்ளைகள். விளக்குப் போடுகிறவருக்குக் கண் அறுவை சிகிச்சை தள்ளிப்போய்க்கொண்டிருந்தது. லிஃப்ட் வேறு. அம்மாவின் நாற்காலி அவள் கண்முன் வந்து நின்றது. இரண்டு மாசம்தானே என்று தலையாட்டினாள். இப்படித் தலையாட்டியவர்களில் அவளும் உண்டு என்பதை இங்கே மறைக்கத் தேவையில்லை.

இரண்டு மாதம் மூன்று வருஷமாயிற்று. மருத்துவமனைக்கு லிஃப்ட் வந்தது, வந்ததும் இன்னொன்றுக்கு ஆசை வந்தது. அரங்குக்குப் புதுக்கூரை போட்டார்கள். நாயகி சொந்தமாக வீடு கட்டிக் குடிபோனாள். வாத்தியார் புது நாடகங்கள் எழுதினார், அவற்றையும் அந்தக் கடலின் முன்னால்தான் போட வேண்டியிருந்தது. அரசர் அரண்மனையில் கொலு வீற்றிருக்கும்போதும் பின்னால் முங்கி மார்பளவு தண்ணீரில் நின்றார். மக்களுக்கு அது வித்தியாசமாகப் படவில்லை. அரங்குக்கு மானியம் தேவையா என்ற பேச்சே ஊரில் ஓய்ந்துபோனது. தேவைதான், எவ்வளவு சம்பாதிக்கிறது பார் என்றார்கள். தினமும் திரையை ஏற்றும்போது அவர் நின்றார், இறக்கும்போதும் நின்றார். திரைக்காரி ஆட்டம் முடிந்து வீட்டுக்குப் போய்த் தனியாகச் சாப்பிட்டாள். மடித்து வைத்த சட்டைகளை அவ்வப்போது எடுத்து வெயிலில் போட்டு மறுபடியும் மடித்து வைத்தாள்.

மூன்றாம் வருஷத்தில் தண்ணீர் ஏறத் தொடங்கியது. மார்பிலிருந்து தோளுக்கு வந்தது. தோளிலிருந்து கழுத்துக்கு வந்தது. முன்வரிசையில் இருந்தவர்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார்கள், கூட்டம் இன்னும் பெருகியது. நகராட்சிப் பொறியாளர் அளவுகோலுடன் வந்து துணியைத் தடவிப் பார்த்து, அபாய அளவுக்குக் கீழேதான் இருக்கிறது என்றார். ஒரு மாலை திரைக்காரி இடைவேளையில் முன்னால் வந்து பார்த்தபோது தண்ணீர் அவர் தாடையைத் தொட்டுக்கொண்டிருந்தது. முடி வெளுத்திருந்தது. ஒவ்வொரு அலைக்கும் வாயை மூடி மூக்கால் மூச்சு விட்டார். ஆட்டம் முடிந்ததும் அவள் நேரே அண்ணனின் அலுவலகத்துக்கு நடந்தாள்.

"அண்ணா, தண்ணி தாடைக்கு வந்துடுச்சு."

அண்ணன் நாற்காலியை இழுத்துப் போட்டார். "உக்காரும்மா. நானும் பாத்துட்டுத்தான் இருக்கேன். பொறியாளர் பயமில்லன்னுதானே சொல்றாரு."

"அவரு துணிய அளக்கறாரு. நான் எங்க வீட்டுக்காரர சொல்றேன்."

"ரெண்டாவது லிஃப்ட் வேல பாதியில நிக்குதும்மா. இப்ப நிறுத்தினா எல்லாம் அப்படியே நின்னுடும். அடுத்த நிதியாண்டுல மாப்பிள்ளைய வெளிய எடுக்க ஏற்பாடு பண்றேன். என் வாக்கு."

"அடுத்த நிதியாண்டு வரைக்கும் அவரு எப்படி மூச்சு விடுவாரு?"

அண்ணன் மேஜைமேல் இருந்த காகிதங்களை அடுக்கினார், ஏற்கெனவே அடுக்கியிருந்ததையே கலைத்து அடுக்கினார். பிறகு தாழ்ந்த குரலில், "அன்னிக்கு நான் மட்டும்தான் தூக்கிட்டுப் போனேன்" என்றார். அத்தனை வருஷமாகச் சொல்லாததைச் சொல்லிவிட்டார். அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "தெரியும் அண்ணா" என்று எழுந்தாள்.

மறுநாள் பழைய நாடகத்தின் ஆட்டத்தில், கடைசிக் காட்சிக்கு முந்தைய காட்சி முடிந்தது. திரை இறங்க வேண்டிய நேரம். இறங்கவில்லை. நாயகி தலைகுனிந்து நின்று நின்று பார்த்துவிட்டு ஓரக்கண்ணால் மூலையைப் பார்த்தாள். திரைக்காரி கயிற்றை இரண்டு கையாலும் பிடித்து, இடுப்பில் சுற்றி, தரையில் உட்கார்ந்துவிட்டாள். வாத்தியார் ஓடிவந்து, "அக்கா, கயித்த விடுங்க. உங்க கால்ல விழறேன், விடுங்க" என்று கெஞ்சினார். "எல்லாரும் தெருவுக்கு வந்துடுவோம் அக்கா" என்றார் விளக்குப் போடுகிறவர். அவர் சொன்னது நியாயம்தான். அவளுக்கும் தெரிந்திருந்தது, அதனால்தான் அழுதாள். ஆனால் விடவில்லை. கூட்டம் முணுமுணுத்தது. நாயகி கொஞ்ச நேரம் தன் சொந்த வீட்டை நினைத்தாளோ பிள்ளைகளை நினைத்தாளோ, யாருக்குத் தெரியும். பிறகு கடலின் பக்கம் திரும்பி, மூன்று வருஷமாக வாயில் வராத அந்த வசனத்தைச் சொன்னாள். கரையிலிருந்து கூப்பிட்டாள். குரல் உடைந்தது, மறுபடியும் கூப்பிட்டாள்.

மூன்றாம் அலையைத் தள்ளிக்கொண்டு முங்கி நடந்து வந்தார். இரண்டாம் அலை, முதல் அலை. மேடையில் ஏறி நின்றபோது அவரிடமிருந்து வழிந்த தண்ணீர் பலகைகளில் ஓடி முன்வரிசைக்காரர்களின் செருப்பை நனைத்தது. அவர் கூட்டத்தைப் பார்த்துக் குனிந்து வணங்கினார். அதன்பிறகுதான் மூலையில் உட்கார்ந்திருந்த மனைவியைப் பார்த்தார். முன்வரிசையில் அண்ணன் எழுந்து நின்றார். கைதட்டினார், சந்தேகமில்லை, கண்ணும் கலங்கியிருந்தது. மறுவாரம் மன்றத்தில் மானியத்தை நிறுத்தும் தீர்மானத்தைப் படித்தவரும் அவர்தான்.

அரங்கை மூடினார்கள். புதுக்கூரையின் கீழே இப்போது நகராட்சியின் தெருவிளக்குகளையும் பழைய நாற்காலிகளையும் போட்டு வைத்திருக்கிறார்கள். நாயகி செருப்புக் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள், கட்டிய வீட்டை வாடகைக்கு விட்டாள். வாத்தியார் ஊரைவிட்டே போனார். விளக்குப் போடுகிறவர் தெருவில் எதிரே வந்தால் மறுபக்கம் கடந்துவிடுவார்; ஒரு கண்தான் சரியாகியிருந்தது, அந்தக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் கடப்பார். இரண்டாவது லிஃப்ட்டுக்குத் தோண்டிய குழியைப் பலகை போட்டு மூடினார்கள். கடலும் வற்றித் துணியாயிற்று. சுருட்டி எங்கேயோ வைத்தார்கள். பேக்கரிக்காரர் மறுபடியும் மானியத்துக்கு எதிராகப் பேச ஆரம்பித்தார், எதிர்க்க மானியம் எதுவும் மிச்சமில்லாவிட்டாலும்.

முங்கியிடமிருந்து தண்ணீர் வழிவது மட்டும் நிற்கவில்லை. துவட்டினால் கொஞ்ச நேரம் உலரும், பிறகு பாதத்திலிருந்து ஊறும். மருத்துவர் நாடி பிடித்துப் பார்த்து, உடம்பு நன்றாக இருக்கிறது, உப்பு மட்டும் குறைத்துக்கொள்ளுங்கள் என்றார். கீழ்வீட்டுக்காரரின் கூரையில் உப்புப் பூத்ததால் தரைத்தளத்துக்கு வீடு மாறினார்கள். மடித்து வைத்திருந்த சட்டைகளை ஒவ்வொன்றாகப் போட்டு நனைத்தார். வீட்டில் அதிகம் பேசவில்லை. களைப்பு என்று அவள் நினைத்தாள். ஒரு காலையில் அவர் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்க, அவள் தரையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"தண்ணி எப்பவுமே மார்பளவுதான்" என்றார் அவர்.

அவள் நிமிர்ந்தாள். "தாடைக்கு வந்துச்சே. என் கண்ணால பாத்தேன்."

"வரல. நான்தான் முட்டி போட்டேன்." ஜன்னலையே பார்த்தபடி சொன்னார். "ஒருநாள் கால் வலிச்சுதுன்னு கொஞ்சம் மடக்கினேன். முன்வரிசையில மூச்சு நின்னுது. அங்க எல்லாம் கேக்கும். அடுத்த நாள் இன்னும் கொஞ்சம் மடக்கினேன். காலமெல்லாம் காலி நாற்காலிக்குத்தானே நடிச்சேன். ஒரு கூடமே எனக்காக மூச்ச அடக்கி அன்னிக்குத்தான் கேட்டேன்."

அவள் துணியைப் பிழிந்தாள். பாதி தண்ணீர் வாளிக்கு வெளியே விழுந்தது. நாயகியின் பிள்ளைகள், வாத்தியார், பலகை போட்ட குழி, மேஜைக்குப் பின்னால் குரல் தாழ்ந்த அண்ணன், எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக மனசில் வந்து போயின. கோபம் வந்தது, அந்த வாளியைத் தூக்கி அவர் தலையில் கவிழ்க்கலாமா என்றுகூட வந்தது. ஏற்கெனவே நனைந்த மனுஷன்.

"நீ திரைய இறக்கியிருக்கணும்" என்றார் அவர். குரலில் கோபம் இல்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது.

"தெரியும்" என்றாள் அவள். "இன்னொரு தடவ நடந்தாலும் இறக்க மாட்டேன்."

அவர் திரும்பி அவளைப் பார்த்தார். அவளுடைய கணவரின் முகம் இரண்டு பக்கமும் முழுசாக, சுருக்கங்களோடு அவள் எதிரே இருந்தது. வலது பக்கம் அவ்வளவு வயசாகியிருந்ததை அவள் அப்போதுதான் கவனித்தாள். தெருவில் முட்டைக்காரரின் மணி கேட்டது. நாற்காலிக்கு அடியில் மறுபடியும் தண்ணீர் சேர்ந்திருந்தது. அவள் துணியோடு குனிந்தாள், அவர் இரண்டு காலையும் தூக்கிக்கொண்டார்.